சிவப்புத் தலைப்பாகை

ஆற்றின் இரு கரையிலும் ஒரே நாடகத்தைப் போட்டுப் பிழைத்துவந்தன வாலன், சடையன் என்ற இரண்டு குரங்குகள். வாலனுக்குச் சிவப்புத் தலைப்பாகை. அது தென்கரைக்காரன் வேஷம். சடையனுக்கு நீலம், வடகரைக்காரன். எந்தக் கரையில் ஆட்டமோ அந்தக் கரைக்காரன் மற்றவனைக் கஞ்சன், குளிக்காதவன் என்று வைது, கடைசியில் துடைப்பத்தால் சாத்த வேண்டும்.

அன்று வடகரையில் ஆட்டம். கிளையிலிருந்து விழுந்து தோள் வீங்கியிருந்த வாலன் படகிலேயே புலம்பியது.

“இன்னிக்கு அடி வாங்கினா நான் செத்தேன்டா.”

“அழாதே. தலைப்பாகையை மாத்திக்கலாம். முகத்தை எவன் பாக்குறான்? மெதுவா அடி, போதும்.”

யாரும் கண்டுபிடிக்கவில்லை. முதல் அடியை வாலன் தூசி தட்டுவதுபோலத்தான் போட்டது. கூட்டம் கொட்டாவி விட்டது. அடுத்ததைக் கொஞ்சம் ஓங்கிப் போட்டது.

“தென்கரைப் பயலுக்கு இன்னும் போடு!” என்று கைதட்டினார்கள். அதன்பிறகு தோள் வலியே வாலனுக்கு நினைவில்லை.

திரும்பும் படகில் சடையன் முதுகைத் தடவிக்கொண்டே கேட்டது: “மெதுவான்னுதானே சொன்னேன்?”

வாலன் நீலத் தலைப்பாகையை அவிழ்த்து நீட்டியது.

“நாளைக்குத் தென்கரையில ஆட்டம். உன்னோடதை நீ வச்சுக்கோ. என் சிவப்பைக் குடு.”

சடையன் தன் தலையிலிருந்த சிவப்பை இரண்டு கைகளாலும் இறுகப் பிடித்துக்கொண்டது.