வலது தண்டவாளம்

டொம்.

மூன்றாவது மாடியில் காபி குடித்துக்கொண்டிருந்த ஸ்ரீரங்கன் எட்டிப் பார்க்காமலேயே சொன்னார். "போச்சு. இன்னிக்கும் நம்ம பூந்தொட்டிதான்."

கீழே, ரயில் நின்று இருபது வருஷமான கூட்ஸ் லைன். இப்போது தி.நகர் பஸ் ஸ்டாண்டுக்குக் குறுக்கு வழி. இடது தண்டவாளத்தின் மேல் பைக்குகள், உடைந்த கட்டில், கோழிக்கூண்டு. வலது தண்டவாளம் மட்டும் எப்போதும் காலி. அதில் எதை வைத்தாலும் இஸ்திரி வண்டி சுப்பம்மா எடுத்து வீசிவிடுவாள்.

அபார்ட்மெண்ட் செக்ரட்டரி ஸ்ரீரங்கன் இறங்கி வந்தார். கையில் மாநகராட்சிக்கு எழுதிய புகார்.

"ஏம்மா, தண்டவாளம் உங்கப்பா போட்டதா?"

"எங்கப்பா போட்டிருந்தா இப்டிக் கோணலா இருக்குமா சார்? செடிய அந்தாண்ட வெச்சுக்க."

"நீ இடம் பிடிக்கறே. நாளைக்கு இன்னொரு வண்டி போடுவே. இதுல முப்பத்திரண்டு பேர் கையெழுத்து இருக்கு. அடுத்த வாரம் உன் வண்டியே இங்க இருக்காது."

சுப்பம்மா பெட்டிக்குள் கரியை ஊதினாள். "பதினோரு வருஷமா இந்த வண்டிதான் சார் எனக்குச் சோறு."

வலது பக்கம் மட்டும் ஏன் என்று அவர் இதுவரை கேட்டதில்லை. அவளும் சொன்னதில்லை.

டிங்... டிங்... டிங்...

வலது தண்டவாளத்தை வெள்ளைக் கோலால் தட்டியபடி ஒருவர் வந்தார். கறுப்புக் கண்ணாடி, தோளில் சாப்பாட்டுப் பை. சுப்பம்மா மிச்சமிருந்த தொட்டியைக் காலால் ஓரம் தள்ளினாள்.

"இன்னிக்கு லேட்டு, லாரன்ஸ் சார்."

"நாலு நிமிஷம்தான். பேங்க் எங்கயும் ஓடிடாது. பக்கத்துல யாரு?"

"கஸ்டமரு."

லாரன்ஸ் அந்தப் பக்கம் திரும்பிச் சிரித்தார். "இந்த ஏரியாவா சார்? குடுத்து வச்சவங்க. வேற எங்க நடந்தாலும் எனக்கு முட்டி பேந்துடும். இங்க மட்டும் எதுவும் தடுக்காது. அபார்ட்மெண்ட்ல ஸ்ரீரங்கன்னு ஒருத்தராம். இந்த ஓரமா ஒரு தொடப்பம் வைக்க விடமாட்டாராம். இந்தம்மாதான் சொன்னாங்க. பாத்தா என் தேங்க்ஸைச் சொல்லிடுங்க."

டிங்... டிங்... போய்விட்டார்.

ஸ்ரீரங்கன் தொண்டையைச் செருமினார். "எதுக்கும்மா என் பேரைச் சொன்னே?"

"நான் தெனம் சண்ட போடறேன்னு தெரிஞ்சா, எனக்கு எதுக்கு வம்புன்னு மெயின் ரோடு பக்கமா போய்டுவாரு சார். பெரிய மனுசன் பேரைச் சொன்னா நிம்மதியா நடப்பாரு."

புகார் நாலாக மடிந்து பாக்கெட்டுக்குள் போனது.

சுப்பம்மா அடுத்த துணியை விரித்தாள். ஸ்ரீரங்கனுடைய நீலச் சட்டை.

"காலரு கிழியற மாதிரி கீது சார். பாத்துத் தேய்க்கறேன்" என்று பெட்டியை வைத்தாள்.