பூப்போட்ட நைட்டி

மூடிப்போன கல்யாண மண்டபத்தின் நிலவறையில் ஞாயிறு மதியங்களில் ரகசியக் குறும்படங்கள் ஓடின. அவற்றை யாரும் எடுப்பதில்லை. இருட்டில் உட்கார்ந்திருப்பவர் மனத்தில் ஒளித்து வைத்திருக்கும் ஆசையைத் திரையே படமாக்கிவிடும். முகத்தை மட்டும் மாற்றிவிடும். அந்தத் தைரியத்தில்தான் தாசில்தார் குணசீலன் மஃப்ளரைச் சுற்றிக்கொண்டு போய் உட்கார்ந்தார்.

முதல் படத்தில் ஒரு மீசைக்காரன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு புல்லட்டில் மலையேறினான். குணசீலன் கைதட்டி ரசித்தார். அடுத்த படம் அவருடையது. பூப்போட்ட நைட்டியும் தோளில் துண்டுமாக ஓர் ஆண் வாசலில் நின்று, கீரைக்காரம்மாவிடம் சாவகாசமாகக் கதை பேசிக்கொண்டிருந்தான். அவருக்கு வியர்த்துவிட்டது. நல்லவேளை, முகம் வேறு.

நாலு தெரு சுற்றிவிட்டு வீட்டுக்கு வந்தார். மனைவி வேதவல்லி அதே பூப்போட்ட நைட்டியை மடியில் வைத்துத் தைத்துக்கொண்டிருந்தாள்.

"இது தோள்ல அடிக்கடி ஏன் பிரியுதுன்னு இன்னைக்குத்தான் புரிஞ்சுது," என்றாள். "உங்களுக்குப் பெரிய சைஸா ஒண்ணு எடுத்துடலாம்."

அவர் அவசரமாக மஃப்ளரைக் கழற்றினார். "நீயும் அங்க வந்திருந்தியா?"

"நல்லாத்தான் கைதட்டினீங்க," என்றாள் வேதவல்லி, இல்லாத மீசையை முறுக்கிக்கொண்டே.