பிரதிவாதி கொண்டுவந்த பிரியாணி

தலைமையாசிரியை ஃபஹ்மிதா, தன் மேல் கேஸ் போட்டவருக்குப் பிரியாணி பரிமாறிக் கொண்டிருந்தார்.

கணக்கு வாத்தியாராகப் புதிதாகச் சேர்ந்திருந்த ராம்கிக்கு அதைப் பார்த்துச் சோறு இறங்கவில்லை.

"என்ன சார் இது? செம்மொழி டீச்சர் ஹைகோர்ட்டுக்குப் போயிருக்காங்கன்னு சொன்னீங்க. இவங்க என்னடான்னா நல்ல கறியா பாத்துப் பாத்துப் போடறாங்க?"

பக்கத்தில் தயிர்சாதம் பிசைந்துகொண்டிருந்த அன்பரசன் சார் சிரித்தார்.

"கறியைப் போட்டா கேஸ் கரைஞ்சிடும்னு ஒரு நெனப்பு."

கூத்தாநல்லூர்ப் பக்கத்தில் இருந்த அந்த அரசு உதவிபெறும் பள்ளியில் இந்த வழக்கு தெரியாதவர் யாரும் இல்லை. இரண்டு டீச்சர்களும் பல வருடங்களுக்கு முன் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். ஃபஹ்மிதா முற்பகல், செம்மொழி பிற்பகல். காலையில் சேர்ந்தவர்தான் சீனியர் என்று நிர்வாகம் ஃபஹ்மிதாவுக்குப் பதவி உயர்வு கொடுத்தது. ஒரே தேதி என்றால் வயதில் மூத்தவர்தான் சீனியர், நான்தான் மூத்தவள் என்று செம்மொழி கோர்ட்டுக்குப் போனார்.

பார்த்தால் அரை நாள் சண்டைதான். ஆனால் செம்மொழி ரிட்டயர் ஆக அதிக நாள் இல்லை. இதை விட்டால் அவருக்குத் தலைமையாசிரியை நாற்காலி கிடையாது.

"அன்னிக்குக் காலையிலயே வராம செம்மொழி டீச்சர் எங்க சார் போனாங்க?"

"யாரு கண்டா? வயக்காட்டுக் குடும்பம். நாத்து நட்டு முடிச்சுட்டு சாவகாசமா வந்திருப்பாங்க." அன்பரசன் குரலைத் தணித்தார். "ஃபஹ்மிதா டீச்சர் வாராவாரம் நாகூர் தர்காவுக்குப் போறாங்க, தெரியுமா? கேஸ் ஜெயிக்கணும்னு நேர்ச்சை. இங்க பிரியாணி, அங்க நேர்ச்சை. ரெண்டு பக்கமும் வேலை நடக்குது."

ராம்கிக்கு அரிப்பு தாங்கவில்லை. சாப்பாடு முடிந்ததும் லீவ் லெட்டரில் கையெழுத்து வாங்கும் சாக்கில் தலைமையாசிரியை அறைக்குப் போனான். கதவில் திரை தொங்கியது. உள்ளே செம்மொழியின் குரல் கேட்டது.

"கேஸை வாபஸ் வாங்கிடறேன். வக்கீலுக்கு போன் பண்ணப் போறேன்."

பிரியாணி வேலை செய்துவிட்டது என்று நினைத்துக்கொண்டான் ராம்கி. நியாயமாகத் திரும்பிப் போயிருக்க வேண்டும். கால் நகரவில்லை.

"ஏன்க்கா?" என்றார் ஃபஹ்மிதா.

அக்காவா? ஸ்டாஃப் ரூமில் 'டீச்சர்' என்றல்லவா கூப்பிடுவார்?

"எல்லாரும் ஒரு மாதிரியா பேசறாங்க. உன் மேல கேஸையும் போட்டுட்டு உன் வீட்டுச் சோத்தையும் திங்கறேனாம். நீ சொல்லித்தான் போட்டேன்னு வெளியில சொல்லவா முடியும்?"

"சொல்லிடாதீங்க. ரெண்டு பேரும் கூட்டுன்னு கேஸையே தள்ளிடுவாங்க."

"எதுக்கு இவ்வளவு பாடு? நீயே பதவி வேண்டாம்னு எழுதிக் குடுத்துட்டா முடிஞ்சுதுல்ல?"

"குடுத்தா உங்களுக்கா வரும்? தகுதி, திறமைன்னு எதையாவது சொல்லி ஸ்கூல் செயலாளர் தன் மச்சினன் அன்பரசன் சாரைக் கொண்டாந்து உக்கார வச்சுடுவாரு. கோர்ட் சொன்னாத்தான்க்கா உங்களுக்கு."

ராம்கிக்குச் சாப்பிடும்போது கேட்ட அன்பரசனின் சிரிப்பு ஞாபகம் வந்தது.

"போனாப் போவுது, விடு. காலையில சேந்தவதானே நீ?" என்றார் செம்மொழி.

"நாம ரெண்டு பேரும் ஒரே பஸ்ஸுலதானேக்கா வந்து இறங்கினோம்? என்னை உள்ள கூப்பிட்டுக் கையெழுத்து வாங்கினாங்க. உங்களை மட்டும் ஊர்ல எந்தத் தெருன்னு கேட்டாங்க. நீங்க சொன்னதும், வெளியில இருங்க, கூப்பிடறோம்னாங்க. மத்தியானம்தான் கூப்பிட்டாங்க. அந்தப் பிற்பகல் உங்களுதா? அவங்க பண்ணினது."

உள்ளே யாரோ மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. ராம்கி லீவ் லெட்டரை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.

"நான் தோக்கணும்னு வாராவாரம் நாகூர் எஜமான்கிட்ட நேந்துக்கிட்டு வர்றேன். நீங்க பாட்டுக்கு வாபஸ்ங்கறீங்க. அவருக்கு நான் என்னக்கா பதில் சொல்றது?"