வெளியே போன நேரம்

சம்பளக் கணக்கர் மூக்குக் கண்ணாடிக்கு மேலாக வெல்டரின் மனைவியை ஏற இறங்கப் பார்த்தார்.

"வாரக் கணக்கு நாற்பத்தெட்டு மணி நேரம். அதுக்குப் போட்டாச்சு. சனிக்கிழமை ஓவர்டைம் கிடையாது. கார்டுல வெளியே போன நேரம் பதியலையே!"

"சாயங்காலம் ஏழு மணி வரைக்கும் வேலை பார்த்தாருங்க."

"பார்த்தா, கார்டைப் பதிஞ்சிட்டுல்ல போகணும்? பெரிய மகாராஜாவா, கையை வீசிட்டுப் போக?"

அவள் குரலை உயர்த்தவில்லை.

"அவரு நடந்து போகலைங்க. ஷாக் அடிச்சு விழுந்தவரைத் துணியால மூடித் தூக்கிட்டுப் போனாங்க. நீங்களும்தானே நின்னு பார்த்தீங்க?"

கணக்கர் பெரிய மனது பண்ணிப் பேனாவைத் திறந்தார்.

"சரி, உயிர் எத்தனை மணிக்குப் போச்சு? அதுவரைக்கும் போட்டுத் தரேன்."