சோம்பேறி ரூம்

தரையில் போட்டிருந்த சிவப்புக் கோட்டைத் தாண்டிப் போய், இரும்புக் கதவில் பதித்திருந்த கண்ணாடியில் முகத்தை வைத்துப் பார்த்தாள் குப்பம்மாள்.

உள்ளே அவள் புருஷன் கலியன் நின்றுகொண்டிருந்தான். இருபத்து நாலு வயசு. பதினோரு வருஷமாக அதே வயசு.

அறுபத்தஞ்சாம் வருஷம் வைகாசியில், கல்யாணமாகி ஏழு மாசம்கூட முடியாதபோது நடந்தது அது. புதுவாயலிலிருந்து சைக்கிளில் வந்து இந்தக் கம்பெனியில் டிரம் உருட்டிக்கொண்டிருந்தான் கலியன்.

துறைமுகத்திலிருந்து ஈய டிரம்களில் வந்த அந்தச் சரக்குக்கு ஆபீஸில் ஏதோ நம்பர் வைத்திருந்தார்கள். வேலை செய்தவர்கள் வைத்த பேர் சோம்பேறி. டிரம்மைச் சாய்த்தால், அது வெளியே வந்து விழுவதற்குள் ஒரு பீடி குடித்து முடித்துவிடலாம்.

ஆனால் அதிர்ந்தால் வெடிக்கும். அன்றைக்கு ஒரு டிரம் கை நழுவியது.

புகை பரவிய இடத்தில் பொழுது நின்றுபோனது. டிரம்மைப் பிடிக்கக் குனிந்த கலியன் குனிந்தபடியே நின்றுவிட்டான். அவனை இழுக்கக் கையை உள்ளே விட்ட மேஸ்திரி தணிகாசலத்துக்கு வலது கை தோளோடு விளங்காமல் போனது. கதவைச் சாத்தியவர்கள் பிறகு திறக்கவே இல்லை.

கம்பெனி கலியனைச் செத்தவர்களோடும் சேர்க்கவில்லை, இருக்கிறவர்களோடும் சேர்க்கவில்லை. வருஷத்துக்கு ஒரு தடவை, ஆயுத பூஜையன்று, பெண்டாட்டி வந்து பார்த்துவிட்டுப் போகலாம் என்று மட்டும் சொன்னது.

முதல் வருஷங்களில் தலை நிறையப் பூவோடு வந்தாள். கண்ணாடியைத் தட்டினாள். அவள் ஊரில் எந்தப் பெண்ணும் செய்யாததைச் செய்து, புருஷன் பேரைச் சொல்லியே கூப்பிட்டாள். கலியன் நிமிரவில்லை.

அப்புறம் அவசரமாக வந்து, அவசரமாகப் பார்த்துவிட்டுப் போகத் தொடங்கினாள்.

இன்றைக்கு ஆயுத பூஜை இல்லை. கம்பெனியே ஆள் அனுப்பி வரச் சொல்லியிருந்தது. கதவிடுக்கு வழியாகச் சோம்பேறி கசிய ஆரம்பித்துவிட்டதாம். போன மாசம் பேக்கிங்கில் வேலை செய்கிற ஒருத்தி இந்தப் பக்கம் காலையில் டீ கிளாஸோடு நின்றவள், சாயங்காலம்தான் அதை வாயில் வைத்தாளாம். கேட்டால், வாங்கின சூட்டோடு குடித்தேனே என்கிறாளாம்.

மேனேஜர் சிவப்புக் கோட்டுக்கு அந்தப் பக்கமே நின்று விஷயத்தைச் சொல்லியிருந்தார். ஆளுக்கு உயிர் இருக்கிறதென்றால், கூரையில் துளை போட்டுப் புகையைக் கொஞ்சம் கொஞ்சமாக உறிஞ்சி, மூன்று நாலு வருஷத்தில் வெளியே எடுத்துவிடலாம் என்று மெட்ராஸ் எஞ்சினீயர் சொல்கிறார். உயிர் இல்லையென்றால் கதவுக்கு மேல் செங்கல் சுவர். இத்தனை வருஷமாக அவனைப் பார்த்து வந்தவர்கள் இரண்டே பேர், அவளும், கை போன பிறகு அந்த ரூமுக்கு ரிஜிஸ்டர் எழுதுகிற தணிகாசலமும். அவர்கள் சொல்வதை வைத்துத்தான் முடிவு.

குப்பம்மாள் கண்ணாடியில் படிந்த தன் மூச்சைத் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தாள்.

கலியன் நிமிர்ந்திருந்தான்.

புகை கசியக் கசிய உள்ளே பொழுது நகர ஆரம்பித்திருக்கிறது. நிமிர்ந்து, கழுத்தைத் திருப்பி, கதவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். அவளைத்தான்.

அவள் பார்க்கப் பார்க்கவே அவன் புருவம் மெல்ல உயர்ந்தது. உதட்டின் ஒரு ஓரம் சிரிக்கத் தொடங்கியது. காலையில் சோறு கட்டிக் கொடுத்து அனுப்பியவள் இங்கே எப்படி வந்தாள் என்று கேட்கப் போகிறவனின் சிரிப்பு. அவள் காதோரத்து நரை இன்னும் அவன் கண்ணுக்கு எட்டியிருக்காது.

நாலு வருஷத்தில் வெளியே வருவான். வந்து, ஊட்டுக்குப் போலாம் வா என்பான்.

எந்த வீட்டுக்கு?

பின்னால் மேனேஜரின் குரல் என்னவோ அவசர அவசரமாகக் கேட்டது. "என்னம்மா, எவ்வளவு நேரம்? அசைவு தெரியுதா இல்லையா?"

தணிகாசலம் வந்து அவள் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார். அவர் மூச்சை இழுத்தது அவளுக்குக் கேட்டது. அவள் சொல்லட்டும் என்று நின்றார்.

"அப்படியேதான் சார் கீறாரு," என்றாள் குப்பம்மாள். "குனிஞ்சது குனிஞ்சபடியே."

தணிகாசலம் இடது கையால் ரிஜிஸ்டரில் 'மாற்றமில்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

மேனேஜர் தானும் ஒரு தடவை பார்க்க வேண்டும் என்று சொல்லவில்லை. காகிதம் முன்னமே டைப் அடித்துத் தயாராக இருந்தது. செங்கல் லோடும் வந்து இறங்கியிருந்தது. அவர் காட்டிய இடத்தில் அவள் கட்டைவிரலை வைத்தாள். திரும்பி அந்தக் கண்ணாடியை இன்னொரு தடவை பார்க்க அவளுக்குத் தைரியம் வரவில்லை.

வெளியே வந்தபோது வெயில் இறங்கிவிட்டிருந்தது. காலையில் உள்ளே போனவர்கள். ஒரு நிமிஷம் பார்த்ததாகத்தான் அவளுக்கு நினைப்பு.

கேட்டில், வாட்ச்மேன் வாங்கிக் கொடுத்த பன்னைப் பாதி தின்றும் தின்னாமலும் நாலு வயசுப் பெண் குழந்தை ஒன்று அழுது ஓய்ந்து ஸ்டூலில் உட்கார்ந்திருந்தது. இருவரையும் கண்டதும் இறங்கி ஓடிவந்து தணிகாசலத்தின் காலைக் கட்டிக்கொண்டது.

"இன்னா நைனா இவ்ளோ நேரம்? உள்ள யாரு கீறாங்க?"

தணிகாசலம் குப்பம்மாளைப் பார்த்தார். அவள் மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, முந்தானையால் அதன் மூக்கைத் துடைத்தாள்.

"யாருமில்ல கண்ணு."