மிச்சப் படம்

ஆட்டோ நிற்பதற்கு முன்பே பகவதியம்மாளுக்கு அந்தச் சத்தம் கேட்டுவிட்டது. ரயில் கூவுகிற சத்தம். கூடவே பொம்மைப் படங்களில் வருகிற கீச்சுக்குரல்.

சாவு விழுந்த துட்டி வீட்டில் கார்ட்டூன்.

கொட்டாரத்து வீட்டின் முன்னறையில், ஐஸ் பெட்டிக்குள் அவள் தம்பி தாணுமாலயன் கிடந்தார். தலைமாட்டில் அவர் மகள் சுபிதா. செல்போனைப் பெட்டிக் கண்ணாடியோடு ஒட்டிப் பிடித்திருந்தாள். விண்வெளியில் ஒரு ரயில் ஓடிக்கொண்டிருந்தது.

சொன்னால் கேட்கமாட்டேன் என்கிறாள் என்று ஒருத்தி பகவதியம்மாளின் காதைக் கடித்தாள்.

பகவதியம்மாள் இந்தப் படியேறி ரெண்டு வருஷமாகிறது. வீட்டைப் புதுக்கிக் கட்டிய பால்காய்ப்புக்கு முறையாக வந்து அழைக்கவில்லை என்று தம்பியோடு பேச்சை நிறுத்தியவள், அவர் பக்கவாதத்தில் விழுந்தபோதும் வரவில்லை. ஆனாலும் மூத்தவள். வீட்டு முறை தவறினால் கேட்கவேண்டியவள்.

“ஏட்டி, பெத்த அப்பன் கிடக்கான். உனக்குப் படம் கேக்குதோ? நிறுத்துட்டி.”

“இன்னும் கொஞ்சந்தான் அத்தே.”

“ஊரு சிரிக்கும்.”

“சிரிக்கட்டு.”

மூக்கை உறிஞ்சிக்கொண்டு சுபிதா சொன்னாள். விழுந்த பிறகு அப்பாவுக்கு யார் வந்து பேசினாலும் பிடிக்கவில்லையாம். பேத்தி பார்க்கிற இந்தப் பழைய படத்தை மட்டும் கண்கொட்டாமல் பார்ப்பாராம். நட்சத்திரங்களுக்கு நடுவே போகிற ரயிலில் ஒரு பையனும் அவன் அக்காவும் ஏறுகிறார்கள். ஏதோ ஒரு ஸ்டேஷனில் அக்கா இறங்கிப் போய்விடுகிறாள். ரயில் கிளம்பிவிடுகிறது. நேற்று அந்த இடத்தில்தான் அவருக்கு மூச்சு முட்டியது.

“ஆஸ்பத்திரி போற வழி பூரா ஒரே கேள்விதான் அத்தே, குழறிக் குழறி. ‘அக்கா வந்துட்டாளா, அக்கா வந்துட்டாளா’ன்னு. வீட்டுக்குப் போய் மிச்சத்தப் பாப்போம்பான்னு சொல்லியிருந்தேன்.”

பகவதியம்மாள் பெட்டியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு மெல்லத் தரையில் உட்கார்ந்தாள்.

வாசலில் ஒரு வேன் வந்து நின்றது. சொந்தக்காரப் பெண்கள் மாரிலடித்து அழுதுகொண்டே உள்ளே வந்தார்கள். பகவதியம்மாள் கையை உயர்த்தி அவர்களை நிறுத்தினாள்.

“கொஞ்சம் பொறுங்க மக்கா. அக்கா இன்னும் வந்து சேரல்ல.”