அக்கரைக்கு ஒரு அவசரக் கடிதம்

அந்த ஆப்பிரிக்கக் காட்டை ஆண்ட வெள்ளைக் குதிரைகள் கொடியை இறக்கிவிட்டுக் கப்பலேறி ஒரு மாதம்கூட ஆகவில்லை. ஆற்றின் அக்கரையில் தீப்பிடித்தது. தீக்கு முதுகைக் காட்டியபடி ஒட்டகச்சிவிங்கி தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தது.

இக்கரையில் புதிய அஞ்சல் அதிகாரியான நீர்யானை அதைப் பார்த்துப் பதறிப்போய், "உங்கள் பின்னால் தீ, உடனே ஆற்றைக் கடந்து வரவும்" என்று கடிதம் எழுதி நாரையிடம் கொடுத்தது.

"எதிர்லதானே நிக்குது, நேராவே குடுத்துடட்டுமா?" என்றது நாரை.

"முறைன்னு ஒண்ணு இருக்குல்ல? குதிரைங்க ஊருக்குப் போய் முத்திரை வாங்கிட்டு வந்து குடு."

நாரை கடல் தாண்டிப் பறந்தது.

"அண்ணே, ஏதோ கருகுற வாசனை வருதே?" என்று அக்கரையிலிருந்து கேட்டது ஒட்டகச்சிவிங்கி.

"எல்லாத்தையும் கடிதத்துல விவரமா எழுதியிருக்கேன். வந்துடும்."

"அப்பச் சரிண்ணே" என்று அது அங்கேயே நின்று காத்திருந்தது.

மூன்று மாதம் கழித்து நாரை முத்திரையோடு வந்தது. அக்கரையில் கருகிய மரங்கள் மட்டும் நின்றன. உறையின் மேல் 'விலாசதாரர் இல்லை' என்று எழுதி, நீர்யானையிடமே திருப்பிக் கொடுத்தது.

நீர்யானை முத்திரையை ஆசையாகத் தடவிப் பார்த்தது.

"குதிரைங்க காலத்துல இதுக்கு ஆறு மாசம் ஆகும். நம்ம ஆட்சியில பாத்தியா, மூணே மாசம்."